விழுவதற்கும் கூலி உண்டு

சென்ற நவம்பர் முதல் வாரம் சென்னைப் பள்ளி ஒன்றிலிருந்து போன் வந்தது. குழந்தைகள் தினத்துக்கு ஒரு மணி நேரம் கோமாளி நிகழ்ச்சி வேண்டுமாம். பேசிய அம்மா அன்பாகத்தான் பேசினார். எத்தனை பிள்ளைகள், என்ன வயது, அரங்கமா திறந்தவெளியா, தரை மரமா சிமெண்டா என்று நான் கேட்டதற்கெல்லாம் பொறுமையாகப் பதில் சொன்னார். ஷாமியானாவுக்கும் மைக் செட்டுக்கும் பலூன் கட்டுகிறவருக்கும் அட்வான்ஸ் கொடுத்தாகிவிட்டது, இனி நீங்கள்தான் பாக்கி என்றார். நான் தொகையைச் சொன்னேன். 12,000 ரூபாய். எனக்கும், என்னோடு ஆடுகிறவருக்கும், தாளம் வாசிக்கிறவருக்கும் சேர்த்து. மூன்று நாள் ஒத்திகையும் ஆட்டோ செலவும் அதற்குள்தான் அடக்கம்.

மறுமுனையில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு கேட்டார்: "என்ன மேடம், ஒரு மூக்கை மாட்டிக்கிட்டு ரெண்டு தடவை கீழ விழப் போறீங்க. அதுக்குப் பன்னெண்டாயிரமா?"

என்னை அவமானப்படுத்த வேண்டும் என்று அவர் கேட்கவில்லை. உண்மையாகவே அவருக்குப் புரியவில்லை. அதுதான் எனக்கு ஆறவில்லை. திட்டினால்கூடத் திருப்பிப் பேசிவிடலாம். புரியாமல் கேட்கிறவரிடம் எங்கிருந்து தொடங்குவது? அன்று போனில் சொல்ல முடியாமல் போனதை இங்கே சொல்கிறேன்.

நான் இருபது வருடமாக விழுந்துகொண்டிருக்கிறேன். அதுதான் என் தொழில். மனித உடம்புக்கு விழுவது பிடிக்காது. கால் வழுக்கிய உடனே கை தானாகத் தரையை நோக்கி நீளும். மணிக்கட்டு முறிவது பெரும்பாலும் அப்படித்தான். விழக் கற்றுக்கொள்வது என்றால் முதலில் அந்தக் கையை நீளாமல் அடக்கக் கற்றுக்கொள்வது. பின்தலை தரையில் மோதாமல் இருக்கத் தாடை நெஞ்சோடு ஒட்டியிருக்க வேண்டும். மூச்சை விட்டபடி விழ வேண்டும், பிடித்துக்கொண்டு விழுந்தால் உடம்பு மரக்கட்டையாகிவிடும். முழு எடையும் ஒரே எலும்பில் இறங்காமல் கெண்டைக்கால், தொடை, பிட்டம், முதுகுச் சதை என்று உருண்டு இறங்க வேண்டும். எல்லாம் ஒரு நொடிக்குள். எனக்கு இது கைவர ஒன்றரை வருடம் பிடித்தது.

இது பாதி வேலை. இவ்வளவும் தெரிந்தவள், எதுவுமே தெரியாதவளைப் போல விழுவதுதான் மீதிப் பாதி. ஐயோ வலித்திருக்குமே என்று ஒரு குழந்தை நினைத்துவிட்டால் சிரிப்பு அங்கேயே நின்றுவிடும். கவனமாக விழுகிறாள் என்று தெரிந்துவிட்டாலும் நின்றுவிடும். இரண்டுக்கும் நடுவில் ஒரு மயிரிழை இடம் இருக்கிறது. கன்னத்தில் அறை வாங்குவதும் இப்படித்தான். அடிக்கிறவருடைய கை கன்னத்தில் படாது. சத்தத்தை உண்டாக்குவது அடிவாங்குகிறவர், பார்வையாளர் கண்ணில் படாமல் தன் கையைத் தட்டி. தட்டல் இம்மி முந்தினாலும் பிந்தினாலும் பொய் தெரிந்துவிடும். அந்த ஒரு தட்டலுக்காக நானும் என்னோடு ஆடுகிறவரும் வாரக்கணக்கில் கன்னத்தைக் காட்டிக்கொண்டு நின்றிருக்கிறோம்.

பாரீஸில் ழாக் லெகோக் என்பவர் 1956ல் ஒரு நாடகப் பள்ளி தொடங்கினார். அடிப்படையில் அவர் உடற்பயிற்சி ஆசிரியர். உலகம் முழுவதும் உடல்மொழி நாடகம் செய்கிறவர்கள் இன்று அவருடைய வழியில் வந்தவர்களிடம் ஏதாவது ஒன்றைக் கற்றிருப்பார்கள். அங்கே இரண்டு வருடப் படிப்பு. நடுநிலை முகமூடியில் தொடங்கி ஒவ்வொரு நாடக வகையாகக் கடந்து, கோமாளியை ஏறக்குறைய கடைசியில்தான் தொடுவார்கள். அவ்வளவு கற்ற பிறகு எல்லாவற்றையும் இழந்து நிற்கத் தெரிந்தால்தான் அந்தச் சிவப்பு மூக்கு ஒட்டும். நான் பாரீஸ் போனவள் இல்லை. அந்தப் பள்ளியில் படித்த ஒருவர் புதுச்சேரியில் நடத்திய பட்டறைகளில் கற்றேன். அதற்கு முன் சிலம்பம், அதற்கு முன் கூத்து அடவு. மூக்கின் விலை முப்பது ரூபாய்தான். அதை மாட்டிக்கொள்ளும் முகத்துக்கு ஆன செலவைத்தான் நான் கேட்கிறேன்.

அந்தச் செலவை முட்டியும் சேர்ந்து கட்டியிருக்கிறது. சில வருடங்களுக்கு முன் ஒரு வணிக வளாகத்தில், சிமெண்டின் மேல் மெல்லிய கம்பளம் விரித்த மேடையில் ஒரே நாளில் நான்கு காட்சி ஆடினேன். மூன்றாவது காட்சியில் வலது முட்டிக்குள் ஏதோ கிழிவது எனக்குக் கேட்டது. நான்காவது காட்சியையும் ஆடி முடித்தேன். சவ்வு கிழிந்துவிட்டது என்றார் மருத்துவர். எட்டு மாதம் வேலையில்லை. என்னை அழைத்தவர்கள் ஒரு முறை போன் செய்து, "டேக் கேர் மேடம்" என்றார்கள்.

இதைச் சொல்லி அழுதால் சொந்தக்காரர்களே கேட்கிறார்கள், இந்தக் குட்டிக்கரணத்தை விட்டுவிட்டு வேறு வேலை பார்க்கக் கூடாதா என்று. நம் மொழியில் எங்கள் தொழில் என்ன கதியில் இருக்கிறது என்று பாருங்கள். ஆகாத காரியத்துக்கு "நீ குட்டிக்கரணம் போட்டாலும் நடக்காது" என்கிறோம். வீட்டில் பிள்ளைகள் கத்தினால் "என்ன கூத்தடிக்கிறீங்க". பொய் சொன்னால் "நாடகமாடாதே". ஏமாற்றினால் "வேஷம் போடாதே". சட்டசபையில் நாற்காலி பறந்தால் மறுநாள் பத்திரிகையில் கோமாளித்தனம் என்று எழுதுகிறார்கள். நாற்காலியை எறிகிறவன் கோமாளி இல்லை. அந்த நாற்காலியில் உட்காரத் தெரியாமல் பத்து நிமிடம் அதோடு போராடி, நானூறு பேரை வயிறு வலிக்கச் சிரிக்க வைத்து, யாருக்கும் ஒரு கீறல் படாமல் அதைத் திருப்பி வைத்துவிட்டுப் போகிறவன்தான் கோமாளி. ஊரில் உள்ள பொய்க்கும் புரட்டுக்கும் எங்கள் தொழிலின் பேரையே வைத்துவிட்டபிறகு கூலி கேட்டால் யாருக்குத்தான் புரியும்? என் அம்மாவுக்கு எழுபது வயது. உறவுக் கல்யாணங்களில் இன்றைக்கும் என்னை "டான்ஸ் டீச்சர்" என்றுதான் சொல்லி அறிமுகம் செய்கிறாள். நானும் திருத்துவதில்லை. திருத்தியிருக்க வேண்டும்.

எப்போதும் இப்படி இருந்ததில்லை. எனக்கு அது கண்ணால் பார்த்துத் தெரியும். 2008 கோடையில் செய்யாறுப் பக்கம் ஒரு கூத்து ஜமாவோடு இரண்டு மாதம் ஊர் ஊராகச் சுற்றினேன். திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து நடக்கும் காலம். அந்த ஜமாவில் கட்டியங்காரன் ஆடியவர் இளைஞர் இல்லை, ஆட்டத்திலேயே மூத்த வாத்தியார். முதலில் எனக்கு அது வியப்பாக இருந்தது. கிரீடமும் புஜக்கட்டையும் கட்டிக்கொண்டு துரியோதனனாக வர வேண்டியவர், ஏன் சின்னக் குல்லாய் போட்டுக்கொண்டு சிரிப்புக் காட்டுகிறார் என்று. இரண்டு ராத்திரியில் புரிந்தது. கூத்தில் முதலில் வருகிறவர் கட்டியங்காரன். திரைக்குப் பின்னால் ராஜா வந்து நின்றால் நீ யார், எந்த ஊர், எதற்கு வந்தாய் என்று கேட்டு அவரை ஊருக்கு அறிமுகம் செய்கிறவர் அவர்தான். ராஜாவின் செந்தமிழைக் கேட்டு, அதை ஊர்ப் பேச்சில் உடைத்துக் கொடுப்பார். தூதன் வேண்டுமா அவர், தேரோட்டி வேண்டுமா அவர், நடுவில் அன்பளிப்பு கொடுத்தவர் பெயரை மைக்கில் சொல்ல வேண்டுமா அதுவும் அவர். ராத்திரி மூன்று மணிக்குச் சனம் பாயில் சாய்ந்து கண்ணயரும்போது, ஒரே ஒரு குதியில், ஒரே ஒரு சறுக்கலில் ஊரையே எழுப்பி உட்கார வைப்பார். அப்போது அவருக்கு வயது ஐம்பத்தெட்டு.

ஒரு நாள் விடியற்காலை டீக்கடையில் அவரிடம் கேட்டேன். "ராஜா அடிய மறந்தா நான் எடுத்துக் குடுப்பேன் கண்ணு. நான் மறந்துட்டா யாரு எடுத்துக் குடுக்கறது?" என்றார். எல்லா நாடகமும் எல்லா வேடமும் தெரிந்தவர்தான் அந்தக் குல்லாயைப் போட முடியும். இதைவிடத் தெளிவாக எந்தப் பட்டறையிலும் எனக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை.

அந்த ஊர்கள் பணக்கார ஊர்கள் இல்லை. ஆனால் ஆட்டம் பேச வருகிறவர்கள் வெற்றிலை பாக்கோடு வருவார்கள். தட்டில் அட்வான்ஸ் இருக்கும். எத்தனை ராத்திரி, என்ன தொகை, சாப்பாடு யார் வீட்டில், தங்குவது எங்கே என்று திண்ணையில் உட்கார்ந்து பேசி முடிப்பார்கள். பேரம் உண்டு, சண்டைகூட உண்டு. கிடைத்ததை ஜமாவுக்குள் பங்கு பிரித்துக்கொள்வார்கள். "சும்மா ஆடுங்க, நாலு பேருக்கு உங்களைத் தெரியவரும்" என்று ஒரு ஊரிலும் ஒரு நாட்டாண்மையும் சொல்லி நான் கேட்கவில்லை. அதைச் சென்னையில்தான் கேட்கிறேன், குளிரூட்டப்பட்ட அறையில் உட்கார்ந்திருப்பவர்களிடம்.

"கூத்தாடி கிழக்கே பார்ப்பான், கூலிக்காரன் மேற்கே பார்ப்பான்" என்று பழமொழி இருக்கிறதே, அதை நாம் சரியாகக் கேட்டோமா? ஆடுகிறவன் எப்போது விடியும் என்று பார்ப்பான், வயலில் நிற்கிறவன் எப்போது பொழுது சாயும் என்று பார்ப்பான். இரண்டு பேரும் வேலை நேரம் முடியக் காத்திருக்கிறவர்கள். அதைச் சொன்ன கிழவனுக்கோ கிழவிக்கோ, ஆட்டமும் உடம்பு நோகச் செய்கிற வேலைதான் என்பதில் சந்தேகமே இருந்திருக்காது.

இன்னும் பின்னால் போகலாம். பத்துப்பாட்டில் மலைபடுகடாத்துக்குக் கூத்தராற்றுப்படை என்றே இன்னொரு பெயர் உண்டு. பெருங்கௌசிகனார் பாடியது, 583 அடி. பரிசில் பெற்றுத் திரும்பும் கூத்தன் ஒருவன், வறுமையோடு எதிரே வரும் இன்னொரு கூத்தனிடம், நன்னன் என்ற தலைவனிடம் போ, வழி இது, வழியில் ஆபத்து இன்னது, உனக்கு உணவு தருகிறவர்கள் இன்னார் என்று விரிவாகச் சொல்கிறான். நன்னனின் ஊர் செங்கண்மா, இன்றைய செங்கம். நான் கூத்துப் பார்த்த செய்யாறும் இன்று அதே திருவண்ணாமலை மாவட்டத்தில்தான் இருக்கிறது. ஆடுகிறவனுக்கு எங்கே கூலி கிடைக்கும் என்று சொல்வதையே ஓர் இலக்கிய வகையாக வைத்திருந்த மொழி இது. அந்த மொழியில் இன்று நான் தொகை சொன்னால் எதிர்முனை மௌனமாகிவிடுகிறது.

பெண்ணாக இருப்பதால் எனக்கு இன்னொரு பாடும் சேர்கிறது. கூத்தில் திரௌபதி வேடத்தையே ஆண்கள்தான் கட்டிவந்தார்கள். காஞ்சிபுரம் அருகே கட்டைக்கூத்துச் சங்கம் 2002ல் தொடங்கிய குருகுலத்தில் பள்ளிப் படிப்போடு கூத்தும் கற்றுத் தந்தார்கள், பெண் பிள்ளைகளுக்கும் சேர்த்து. அந்தச் சிறுமிகள் வேடம் கட்டி ஆடியதைப் பார்த்தபோது எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. 2020ல் அந்தக் குருகுலம் மூடப்பட்டது. சினிமாவில் மனோரமா ஆயிரம் படங்களுக்கு மேல் நடித்தார், அவரைப் பார்த்து ஊர் சிரித்தது, அழுதது. ஆனால் எதிரில் நிற்கும் ஒரு பெண் கால் இடறி விழுந்தால் மக்கள் சட்டென்று சிரிப்பதில்லை. முதலில் புடவை விலகியதா என்று பார்க்கிறார்கள், பிறகு பக்கத்தில் இருப்பவர் பார்க்கிறாரா என்று பார்க்கிறார்கள். அந்தக் கண்ணைக் கடந்து அவர்களைச் சிரிப்புக்குக் கொண்டுவர, என்னோடு ஆடும் ஆண் நண்பரைவிட நான் இரண்டு மடங்கு உழைக்கிறேன். ஒருங்கிணைப்பாளர்கள் அவரிடம்தான் கவரைக் கொடுக்கிறார்கள்.

அடுத்த கேள்வியை நான் சொல்லாமலே உங்களுக்குத் தெரியும். "சினிமாவுல சான்ஸ் வரலையா?" வீட்டு ஓனர், டாக்டர், பக்கத்து வீட்டு அக்கா, ரயிலில் எதிர் சீட்டில் இருப்பவர், எல்லாருக்கும் இந்த ஒரே கேள்விதான். ந. முத்துசாமி 1977ல் கூத்துப்பட்டறையைத் தொடங்கினார். புரிசை நடேசத் தம்பிரானின் கூத்தைப் பார்த்து மனம் மாறி, அந்த உடம்பை நவீன நாடகத்துக்குக் கொண்டுவர வாழ்நாளைக் கொடுத்தவர். 2018ல் அவர் காலமானபோது அந்தப் பட்டறையிலிருந்து சினிமாவுக்குப் போனவர்களைப் பற்றித்தான் பெரிதாகப் பேசினார்கள். பசுபதி, கலைராணி, குரு சோமசுந்தரம், எல்லாரும் எனக்கும் பிடித்த நடிகர்கள்தான். என்றாலும் நாற்பது ஆண்டு உழைப்பு சினிமாவுக்கு ஆள் பிடித்துக் கொடுத்த கணக்கிலா சேர வேண்டும்? ஒரு தச்சரைப் பார்த்து, ஏன் இன்னும் நாற்காலி செய்கிறீர்கள், கப்பல் கட்டப் போகவில்லையா என்று யாரும் கேட்பதில்லை.

சினிமாவுக்கே போனாலும் என்ன கிடைத்துவிடுகிறது? சந்திரபாபுவின் உடம்பைப் போல ஒரு உடம்பு தமிழ்த் திரையில் அதற்கு முன்னும் வரவில்லை, பின்னும் வரவில்லை என்பது என் எண்ணம். எலும்பே இல்லாதவர் போல வளைந்து, விழும் நேரத்திலும் தாளம் பிசகாதவர். 1974ல் கடனோடு செத்துப்போனார், 46 வயதில். நாகேஷ் "சர்வர் சுந்தரம்" படத்தில் இரண்டு கையிலும் தட்டும் டம்ளருமாக நடப்பதை நான் மாணவர்களுக்குப் பாடமாகப் போட்டுக் காட்டுகிறேன். தோள் எங்கே இருக்கிறது, இடுப்பு எங்கே இருக்கிறது, பார்வை எங்கே போகிறது என்று நிறுத்தி நிறுத்திக் காட்டுகிறேன். அவருக்கு 2009ல் இறக்கும்வரை பத்ம விருது ஒன்றுகூடக் கொடுக்கவில்லை. கண்ணீர் விட வைத்தவர்களுக்குக் கிடைத்ததெல்லாம் சிரிக்க வைத்தவருக்குக் கிடைக்கவில்லை.

மருத்துவமனை வேலையைப் பற்றியும் சொல்ல வேண்டும். நியூயார்க்கில் 1986ல் மைக்கேல் கிறிஸ்டென்சன் என்ற சர்க்கஸ் கோமாளி, நோயுற்ற குழந்தைகளைப் பார்க்கக் கோமாளிகளை மருத்துவமனைக்குள் முறையாக அனுப்பும் ஏற்பாட்டைத் தொடங்கினார். பல நாடுகளில் அது இன்று சம்பளமும் பயிற்சியும் உள்ள வேலை. இத்தாலியில் அறுவை சிகிச்சைக்குக் காத்திருந்த 40 குழந்தைகளை வைத்து ஓர் ஆய்வு செய்தார்கள், 2005ல் வெளியானது. கோமாளிகள் உடனிருந்த குழந்தைகளின் பதற்றம் மற்றவர்களைவிடத் தெளிவாகக் குறைவாக இருந்தது. குழந்தைக்கு நல்லதுதான் என்று ஊழியர்களும் ஒத்துக்கொண்டார்கள். ஆனாலும் வேலைக்கு இடைஞ்சல் என்று அவர்களில் பெரும்பாலோர் அது தொடர்வதை விரும்பவில்லை. படித்துவிட்டு அன்று முழுக்க எனக்கு வேறு வேலை ஓடவில்லை. பயன் உண்டு என்று நிரூபித்த பிறகும் இடமில்லை என்றால் நாங்கள் எங்கே போய் நிற்பது?

நானும் மூன்று வருடம் ஒரு மருத்துவமனைக் குழந்தைகள் வார்டுக்கு வாரம் ஒருமுறை போனேன். அங்கே விழக் கூடாது, சத்தம் கூடாது, கையை மட்டும் வைத்துக்கொண்டு செய்ய வேண்டும். என் சுண்டுவிரல் கட்டில் கம்பியில் ஒட்டிக்கொள்ளும், எடுக்க வராது, ஊசி போட்ட கையோடு ஒரு பையன் எழுந்து உட்கார்ந்து அதைப் பிய்த்து எடுத்து என்னைக் காப்பாற்றுவான். வலியில் இருக்கும் குழந்தைக்கு, உதவி கேட்கும் ஒரு பெரிய ஆள் வேண்டியிருக்கிறது. பெட்ரோல் காசாவது கொடுங்கள் என்று மூன்றாம் வருடம் கேட்டேன். "இது சேவைதானே மேடம்" என்றார்கள். சேவைதான். பக்கத்தில் நின்று ஊசி போட்ட நர்ஸம்மா செய்வதும் சேவைதான், தரையைத் துடைத்த அக்கா செய்வதும் சேவைதான். அவர்களுக்கு மாதச் சம்பளம் கொடுத்ததால் அது சேவை இல்லாமல் போய்விடவில்லையே. முட்டி கிழிந்த பிறகு போவதை நிறுத்திவிட்டேன். அந்த வார்டை நினைத்தால் எனக்கு இன்றும் குற்ற உணர்ச்சிதான் வருகிறது, அதுதான் அநியாயம்.

முட்டிக்காகக் காப்பீடு எடுக்கலாம் என்று ஒரு முகவரை வரச் சொன்னேன். தொழில் என்ற கட்டத்தில் வந்து பேனா நின்றது. நான் செய்வதை விளக்கினேன். அவர் யோசித்துவிட்டு, "ஹவுஸ் ஒய்ஃப்னு போட்டுடலாமா மேடம், பிரச்சினை வராது" என்றார். வீட்டைப் பார்த்துக்கொள்வதும் கடும் உழைப்பு, அதைச் செய்கிறவர்கள்மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் நான் விழுந்தால் அது கோமாளி விழுந்ததாகத்தான் பதிவாக வேண்டும். படிவம் இன்னும் என் மேஜை இழுப்பறையில் கிடக்கிறது.

லண்டனில் ஜோசப் கிரிமால்டி என்று ஒருவர் இருந்தார், 1778ல் பிறந்தவர். வெள்ளை முகமும் கன்னத்தில் சிவப்பு முக்கோணமுமாக இன்று நாம் அறிந்த கோமாளியின் முகத்துக்கு அடி போட்டவர். ஆயிரக்கணக்கானவர்கள் முன்னால் விழுந்து விழுந்து மூட்டெல்லாம் தேய்ந்து 1823ல் ஆட்டத்தை நிறுத்தினார். அப்போது அவருக்கு வயது 44. 1828ல் கடைசியாக ஒருமுறை மேடைக்கு வந்தபோது நிற்க முடியவில்லை, நாற்காலியில் உட்கார்ந்தபடியே ஆடினார். எனக்கு இப்போது 43. காலையில் கட்டிலிலிருந்து இறங்குமுன் வலது காலை இரண்டு கையாலும் தூக்கித் தரையில் வைக்கும் நாட்களில் எனக்கு அந்த நாற்காலி நினைவுக்கு வரும். ஆனால் அவருக்காவது அன்றைக்கே நாடகக்காரர்களுக்கென்று ஒரு நிதி இருந்தது, அதிலிருந்து வருடா வருடம் உதவித்தொகை வந்தது.

பிரான்ஸில் இன்று ஒரு நாடகக் கலைஞர் 12 மாதத்தில் 507 மணி நேரம் சம்பளத்துக்கு வேலை செய்திருந்தால், வேலையில்லாத மாதங்களுக்கு உதவித்தொகை பெற உரிமை உண்டு. நாடகம் பருவத்துக்குப் பருவம் நடக்கும் தொழில், இடைவெளி என்பது சோம்பல் அல்ல என்று அங்கே சட்டத்துக்குத் தெரிகிறது. அதே பிரான்ஸில் தெஆத்ர் து சொலெய் குழு 2016ல் அரியான் முனுஷ்கின் இயக்கத்தில் ஒரு பெரிய நாடகம் போட்டது, இந்தியாவில் நடக்கும் கதை. அதன் உயிராக இருந்தது நம் தெருக்கூத்து. புரிசை சம்பந்தத் தம்பிரான் அந்தப் பிரெஞ்சு நடிகர்களுக்குக் கூத்தைக் கற்பித்தார். அவர்கள் தமிழில் பாடி ஆடினார்கள். அந்தக் குழுவில் எல்லாருக்கும் ஒரே சம்பளம். பாரீஸில் நம் கூத்துக்கு டிக்கெட் வாங்க மக்கள் வரிசையில் நின்றார்கள் என்று பெருமைப்படுகிறோம், நானும் பட்டேன். புரிசைக்குச் சென்னையிலிருந்து பஸ்ஸில் போய்விடலாம். நம்மில் எத்தனை பேர் போயிருக்கிறோம்?

செய்யாறுப் பக்கம் கட்டியங்காரன் ஆடிய அந்த வாத்தியார் இப்போது ஆடுவதில்லை. நலிந்த கலைஞர்களுக்கு அரசு தரும் மாதம் 3,000 ரூபாய் அவருக்கு வருகிறது, அது உண்மையிலேயே அவருக்குப் பெரிய துணை, மாத்திரை வாங்க ஆகிறது. எனக்கு அதுவும் வராது. ஓர் அலுவலகத்தில் கேட்டுப் பார்த்தேன். நீங்கள் செய்வது நாட்டுப்புறக் கலையிலும் வராது, செவ்வியல் கலையிலும் வராது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

அந்தப் பள்ளிக்கு வருகிறேன். தொகையைக் குறைக்க முடியாது என்று சொல்லிவிட்டேன். அவர்கள் வேறு ஆளைப் பிடித்தார்கள். பிடித்தது என்னிடம் ஒரு வருடம் கற்ற பையனை, 1,500 ரூபாய்க்கு. பகலில் ஆட்டமும் இரவில் உணவு டெலிவரியுமாக இருப்பவன். என்னிடம் சொல்லக் கூச்சப்பட்டுச் சொல்லாமலே போயிருக்கிறான். டைல்ஸ் தரை, விரிப்பு இல்லை. முதல் காட்சி முடிந்ததும் சின்னப் பிள்ளைகளுக்காக உடனே இன்னொன்று கேட்டிருக்கிறார்கள், அதே காசுக்கு. தரையில் யாரோ ஜூஸ் கொட்டியிருந்தது. அவன் விழ நினைத்த இடத்துக்கு இரண்டடி முன்னாலேயே கால் போய்விட்டது. கை நீண்டுவிட்டது. நீளாமல் அடக்கக் கற்றுத் தருவதற்கு ஒரு வருடம் போதாது என்று எனக்குத் தெரியும், அவனிடம் சொல்லியும் இருக்கிறேன்.

பிள்ளைகள் ரொம்பச் சிரித்தார்கள் அக்கா, அது ஆட்டம் என்று நினைத்தார்கள் என்றான். மணிக்கட்டில் மாவுக்கட்டு. ஆறு வாரம் வண்டி ஓட்ட முடியாது, அதனால் டெலிவரி வருமானமும் போயிற்று. பள்ளியில் முதலுதவி செய்து, ஆட்டோ பிடித்துக் கொடுத்து, நினைவுப் பரிசும் கையில் கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள். இடது கையில்.

பள்ளி நடத்துகிறவர்களே, அலுவலக விழா வைக்கிறவர்களே, பிறந்தநாளுக்கு எங்களைக் கூப்பிடும் அப்பா அம்மாக்களே, உங்களைத்தான் கேட்டுக்கொள்கிறேன். அடுத்த முறை கூப்பிடும்போது தொகை எவ்வளவு என்று முதலில் கேளுங்கள், ஷாமியானாக்காரரிடம் கேட்பதைப் போலவே. கட்டுப்படியாகவில்லை என்றால் நேராகச் சொல்லுங்கள், நேரத்தைக் குறைத்துச் சின்ன ஆட்டமாகத் தருகிறோம். அட்வான்ஸைக் கொடுத்துவிடுங்கள். தரை என்ன தரை என்று நாங்கள் கேட்டால் சலித்துக்கொள்ளாதீர்கள். ஆட்டம் தொடங்குமுன் அந்தத் தரையை ஒருவரை விட்டு ஒருமுறை ஈரமில்லாமல் துடைக்கச் சொல்லுங்கள்.